கீறிக்கொள்ளும் பழக்கத்துக்கு மூச்சைக் கவனிக்கச் சொல்வது ஏன்? டிபிடியில் மைண்ட்ஃபுல்னெஸ் செய்யும் வேலை

கேள்வி: "பார்டர்லைன் பர்சனாலிட்டி என்று சொல்லி டிபிடி வகுப்பில் சேர்த்திருக்கிறார்கள். மனசு கொதித்தால் கையைக் கீறிக்கொள்வதுதான் என் பிரச்சினை. வகுப்பிலோ முதல் இரண்டு வாரமும் மைண்ட்ஃபுல்னெஸ்தான். மூச்சைக் கவனி, சுவரைக் கவனி என்கிறார்கள். கண்ணை மூடினால் எனக்குப் பதற்றம் கூடுகிறது. இதற்கும் என் பிரச்சினைக்கும் என்ன சம்பந்தம்? இதை விட்டுவிட்டு நேராக அடுத்த பாடத்துக்குப் போகக் கூடாதா?"

பதில்: போனால் அடுத்த மூன்று பாடங்களும் கைக்கு வராது. ஆனால் கண்ணை மூடவேண்டிய கட்டாயம் எதுவும் இல்லை, அதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். இந்தச் சிகிச்சையில் மைண்ட்ஃபுல்னெஸ் மனதை அமைதிப்படுத்தும் பயிற்சியாகச் சேர்க்கப்படவில்லை. கீறவேண்டும் என்ற உந்துதல் எழுவதற்கும் கை நகர்வதற்கும் நடுவில் சில நொடிகள், பல நேரம் சில நிமிடங்களே இருக்கின்றன. அப்படி ஓர் இடைவெளி இருப்பதையே இப்போது நீங்கள் பார்க்கவில்லை. அதைப் பார்க்கப் பழக்குவதுதான் இந்த இரண்டு வாரத்தின் வேலை.

முதலில் சொற்கள். பார்டர்லைன் பர்சனாலிட்டி என்பது உணர்ச்சிகள் கடுமையாகவும் வேகமாகவும் மாறி, உறவுகளையும் ஆட்டிவைக்கும் ஓர் ஆளுமைக் கோளாறு. டிபிடி, அதாவது டயலெக்டிகல் பிஹேவியர் தெரபி என்பதைத் தமிழில் இயங்கியல் நடத்தைச் சிகிச்சை எனலாம். இடதுசாரிப் புத்தகங்களில் 'இயங்கியல் பொருள்முதல்வாதம்' என்று படித்திருப்பீர்களே, அதே இயங்கியல்தான்: ஒன்றுக்கொன்று முரணான இரண்டும் சேர்ந்தே உண்மையாக இருக்கலாம் என்ற பார்வை. மைண்ட்ஃபுல்னெஸ் என்ற சொல்லுக்குத்தான் தமிழில் படாதபாடு. இயந்திர மொழிபெயர்ப்பில் அடிக்கடி 'நினைவாற்றல்' என்று வருகிறது, அது ஞாபகசக்தி. 'விழிப்புணர்வு' என்றால் டெங்கு விழிப்புணர்வு முகாம்தான் நினைவுக்கு வரும். இந்தக் கணத்தில் நடப்பதை உள்ளபடி கவனிப்பது என்ற பொருளில், இங்கே மனக்கவனம் என்றே எழுதுகிறேன்.

இந்தச் சிகிச்சையை உருவாக்கியவர் அமெரிக்காவின் சியாட்டிலில், வாஷிங்டன் பல்கலைக்கழகத்தில் பணியாற்றிய உளவியலாளர் மார்ஷா லினஹான். திரும்பத் திரும்பத் தற்கொலைக்கு முயன்ற பெண்களுக்கு அவர் வழக்கமான நடத்தைச் சிகிச்சையைக் கொடுத்துப் பார்த்தார். "இதை மாற்று, அதை மாற்று" என்றால் அவர்களுக்கு அது குற்றச்சாட்டாகவே கேட்டது. சரி, உள்ளதை ஏற்றுக்கொள்வோம் என்று பக்கம் மாறினால், "அப்போ என் வேதனை இப்படியே கிடக்கட்டும் என்கிறீர்களா" என்று கேட்டார்கள். இரண்டு கேள்வியும் நியாயம்தான். மாற்றம், ஏற்பு இரண்டையும் ஒரே மூச்சில் தரவேண்டியிருந்தது. மாற்றத்துக்கு நடத்தையியலில் கருவிகள் ஏற்கெனவே இருந்தன. ஏற்பைக் கற்றுக்கொடுக்க அவருக்கு வழி கிடைத்தது ஜென் என்ற பௌத்தத் தியான மரபில். வடக்குக் கலிஃபோர்னியாவில் சாஸ்தா என்ற ஜென் மடத்திலும், பிறகு ஜெர்மனியில் கத்தோலிக்கத் துறவியும் ஜென் ஆசிரியருமான வில்லிகிஸ் யேகரிடமும் பயின்றார். (தியானம் சீனாவில் 'சான்' ஆகி ஜப்பானில் 'ஜென்' ஆனது. போதிதருமரும் காஞ்சிபுரமும் என்று ஆரம்பித்தால் பதில் வேறு திசைக்குப் போய்விடும், விட்டுவிடுவோம்.) லினஹானே 17 வயதில், 1961-ல், மனநல மருத்துவமனையில் சேர்க்கப்பட்டு இரண்டு ஆண்டுக்கு மேல் உள்ளே இருந்தவர்; தன்னைத்தானே காயப்படுத்திக்கொண்டவர். 2011-ல்தான் அதை வெளியே சொன்னார்.

ஜென்னிலிருந்து எடுத்தாலும் அவர் அதை அப்படியே கொடுக்கவில்லை. அமெரிக்காவில் ஜான் கபாட்-ஸின் 1979-ல் தொடங்கிய, மனக்கவனத்தால் மன அழுத்தத்தைக் குறைக்கும் எம்பிஎஸ்ஆர் பயிற்சி 8 வாரம், தினமும் 45 நிமிடம் என்று போகும். கொதிநிலையில் இருக்கும் ஒருவரை 45 நிமிடம் தன் மனதோடு தனியே உட்காரச் சொல்வது, நீச்சல் தெரியாதவரை நேராக ஆழத்தில் இறக்குவது போலத்தான். எனவே லினஹான் தியானத்தை ஒரே மூட்டையாகக் கொடுக்காமல், பிரித்து, ஆறு சின்னச் செயல்களாக்கினார். ஒவ்வொன்றையும் கண் திறந்தபடி, இரண்டு மூன்று நிமிடத்தில் பழகலாம். பஸ்ஸில் நின்றுகொண்டும் செய்யலாம்.

ஆறில் மூன்று, என்ன செய்வது என்பது: கவனித்தல், விவரித்தல், ஈடுபடுதல். மற்ற மூன்று, அதை எப்படிச் செய்வது என்பது: தீர்ப்புச் சொல்லாமல், ஒரு நேரத்தில் ஒன்றாக, பலன் தரும்படி. முதல் மூன்றில் ஒரு சமயத்தில் ஒன்றைத்தான் செய்ய முடியும். பின் மூன்றையும் சேர்த்தே கடைப்பிடிக்கலாம்.

இனி உங்கள் கேள்விக்கு வருவோம். இரவு 9.40. தோழிக்கு அனுப்பிய செய்தியில் இரண்டு நீல டிக் விழுகிறது, பதில் வரவில்லை. 10.15-க்குக் கையில் காயம். மறுநாள் கேட்டால், "தெரியல, திடீர்னு நடந்துடுச்சு" என்பதே பதிலாக இருக்கும். பொய் இல்லை, அப்படித்தான் தோன்றும். தனிச் சந்திப்பில் சிகிச்சையாளர் இதைச் சங்கிலிப் பகுப்பாய்வு என்ற முறையில் கண்ணி கண்ணியாகப் பிரிப்பார். முந்தின இரவு தூக்கம் நாலு மணி நேரம், மதியம் சாப்பிடவில்லை. இது முன்கூட்டியே உடம்பைப் பலவீனமாக்கி வைத்தது. நீல டிக், தூண்டிய நிகழ்வு. அடுத்து ஓர் எண்ணம்: "என்னை ஒதுக்குறா." தொண்டை அடைக்கிறது, முகம் சூடாகிறது. முதலில் பயம், அதன்மேல் வெட்கம், எல்லாவற்றுக்கும் மேல் கோபம். பிறகு ஒரு தீர்ப்பு: "நான் எல்லாருக்கும் தொல்லை." அதற்கப்புறம்தான் உந்துதல். கீறியதும் சில நிமிடம் நிம்மதி. மூளை அடுத்த முறைக்குக் குறித்துவைத்துக்கொள்வது அந்த நிம்மதியைத்தான்.

35 நிமிடம், பத்துக்கு மேற்பட்ட கண்ணிகள். எந்தக் கண்ணியில் வேண்டுமானாலும் வெட்டலாம், ஆனால் கண்ணி கண்ணில் பட்டால்தான் வெட்ட முடியும். மூச்சைக் கவனிப்பதற்கும் கீறுவதற்கும் உள்ள சம்பந்தம் இதுவே. மூச்சு ஒரு பயிற்சிப் பொருள், அவ்வளவுதான். ஓர் எண்ணம் வருவதை, அதன் பின்னால் ஓடாமல், "இதோ ஓர் எண்ணம்" என்று பார்க்க ஆபத்தில்லாத நேரத்தில் ஐம்பது முறை பழகியிருந்தால், 9.41-க்கு "என்னை ஒதுக்குறா" என்று வரும்போது அதையும் அப்படிப் பார்க்க ஒரு வாய்ப்பு உண்டு. உறுதி இல்லை, வாய்ப்பு.

கவனித்தல் என்றால் சொல் இல்லாமல் உணர்வது. விசிறிக் காற்று கையில் படுவது, தரையின் குளிர்ச்சி, தொண்டையில் உள்ள இறுக்கம். பிடித்து வைக்கவும் வேண்டாம், தள்ளிவிடவும் வேண்டாம்.

விவரித்தல் என்றால் கவனித்ததற்குச் சொல் கொடுப்பது, கவனித்ததற்கு மட்டும். "அவள் படித்துவிட்டாள், 35 நிமிடமாகப் பதில் இல்லை" என்பது விவரிப்பு. "ஒதுக்குகிறாள்" என்பது ஊகம். பிறர் மனதில் உள்ளதை யாராலும் கவனிக்க முடியாது. நெற்றி சுருங்கியதைக் கவனிக்கலாம், 'கடுப்பில் இருக்கிறார்' என்பது நாமாகச் சேர்ப்பது. இந்த ஒரு விதியைச் சரியாகப் பிடித்துக்கொண்டாலே பாதிச் சண்டை குறையும். இதில் தமிழ் நமக்கு ஓர் உபகாரம் செய்கிறது. நம் மொழியில் உணர்ச்சிகள் வந்து போகிறவை: எனக்குக் கோபம் வருகிறது, அழுகை வருகிறது, பயமாக இருக்கிறது. உணர்ச்சியாகவே நாம் ஆகிவிடாமல், அதை நம்மிடம் வந்துபோகும் ஒன்றாகப் பேசவேண்டும் என்பதே இந்தப் பயிற்சி கேட்பதும். "நான் கோபக்காரி" என்று சொல்லவரும்போது "இப்போ கோபம் வருது, மார்புல சூடா இருக்கு" என்று மாற்றிப் பாருங்கள். "நான் தொல்லை" என்பதற்குப் பதிலாக "நான் தொல்லைன்னு ஓர் எண்ணம் வருது."

ஈடுபடுதல் இதற்கு நேர் எதிர்த் திசை: தன்னை வேடிக்கை பார்ப்பதை நிறுத்திவிட்டுச் செயலில் கரைவது. கோலம் போடும்போது புள்ளிக்கணக்கு தானாக ஓடுவது, கும்மியில் கால் தானாக மாறுவது. உண்மையில் மனக்கவனத்தின் இலக்கு இதுதான். கவனித்தலும் விவரித்தலும் புதிதாகக் கற்கும்போதும் ஏதோ பிசகும்போதும் தேவைப்படும் இடைக்காலக் கருவிகள். ஸ்கூட்டர் பழகும்போது பிரேக், ஆக்ஸிலேட்டர் என்று ஒவ்வொன்றையும் மனதில் சொல்லிக்கொள்கிறோம். பழகியபின் சொல்வதில்லை, ஆனால் பாதையில் ஈரம் தெரிந்தால் மறுபடி கவனிக்கிறோம். கோபத்தில் நடப்பதும் ஒருவகையில் முழு ஈடுபாடுதான், கவனம் கழன்றுபோன ஈடுபாடு.

'தீர்ப்புச் சொல்லாமல்' என்பதில்தான் மிக அதிகமான பேர் தடுக்குவார்கள். நடந்ததை ஒப்புக்கொள் என்றோ எல்லாம் நல்லதற்கே என்றோ அதற்கு அர்த்தமில்லை. "இந்தக் காபியில் சர்க்கரை இல்லை, எனக்குப் பிடிக்கவில்லை" என்பதில் தகவலும் விருப்பமும் இருக்கின்றன. "இதெல்லாம் ஒரு காபியா" என்பது தீர்ப்பு. விளைவைச் சொல்லலாம், விருப்பத்தைச் சொல்லலாம். நல்லது கெட்டது என்ற முத்திரையை மட்டும் கழற்றவேண்டும். தமிழில் தீர்ப்பு ஒளிந்திருக்கும் இடங்கள்: 'கூடாது', 'இருக்கணும்', 'போயும் போயும்', 'என்ன ஜென்மம்', அப்புறம் அந்த 'சே'. உடனே நிறுத்த முயலவேண்டாம், முதலில் எண்ணுங்கள். மந்திரம் எண்ணுவதற்காக விரலில் மாட்டிக்கொள்ளும் சிறிய கவுண்டர் கடையில் கிடைக்கிறது. ஒரு மணி நேரம் அதை வைத்துக்கொண்டு, தீர்ப்பு எழும்போதெல்லாம் ஒரு அழுத்து. எண்ணிக்கை பெரிதாக இருந்தால் "சே, இவ்வளவா" என்று வரும். அதற்கும் ஒரு அழுத்து. தன் மேலான தீர்ப்புதான் வெட்கத்துக்குத் தீனி, உங்கள் சங்கிலியில் உந்துதலுக்கு முந்தைய கண்ணி அதுவே. ஒரேயொரு கண்ணியைத் தேர்ந்தெடுத்து வேலை செய்வதானால் இதை எடுங்கள்.

ஒரு நேரத்தில் ஒன்று என்பதற்கு அதிக விளக்கம் வேண்டாம்: பாத்திரம் கழுவும்போது பாத்திரம், கவலைப்படும்போது கவலை. பலன் தரும்படி என்பதற்கு நம்மிடம் ஏற்கெனவே பழமொழி இருக்கிறது: காரியம் பெரிதா, வீரியம் பெரிதா? தோழியின் மேல் நியாயமான வருத்தமே இருக்கலாம். நட்பு வேண்டுமென்றால், நீங்கள் சொல்வது சரியென நிரூபிப்பதை அன்றிரவு மட்டும் தள்ளிவைக்கவேண்டும்.

இவற்றுக்கெல்லாம் மேலே ஒரு கருத்து உண்டு, விவேக மனம். உணர்ச்சி மனம் ஓட்டும்போது உணர்வே உண்மையாகத் தெரிகிறது. தர்க்க மனம் ஓட்டும்போது உணர்வுக்கு இடமே இல்லை. இரண்டையும் கேட்டுவிட்டு உள்ளே தானாகத் தெரியவருவது விவேக மனம். பழகும் முறை இது: மூச்சை இழுக்கும்போது ஒரு கேள்வி ("இப்போது அவளை அழைக்கலாமா?"), விடும்போது பதிலுக்குக் காது கொடுப்பது. பதிலை நீங்களே தயாரித்துக் கொடுக்கக் கூடாது, வராவிட்டால் வரவில்லை. இதில் ஒரு குழி இருக்கிறது: கடும் கோபத்திலும் 'எனக்கு நிச்சயமாகத் தெரியும்' என்ற உணர்வு வரும். லினஹான் இதைக் கிணற்றின் உவமையால் விளக்குகிறார். நடுவில் ஒரு மூடி அடைத்திருந்தால், அதன்மேல் தேங்கிய மழைநீரையே கிணற்றின் அடி என்று நினைத்துவிடுவோம். சோதனை எளிது. அவசர முடிவாக இல்லாவிட்டால் தூங்கி எழுந்து கேளுங்கள், சாப்பிட்டபின் மறுபடி கேளுங்கள். விவேக மனம் சொன்னது மாறாமல் நிற்கும்.

பாடத்திட்டத்தின் அமைப்பைப் பார்த்தாலே மனக்கவனத்தின் இடம் புரியும். வழக்கமான 24 வாரச் சுற்றில் மனக்கவனம் 2 வாரம், பிறகு துன்பம் தாங்குதல் 6. மீண்டும் மனக்கவனம் 2, உணர்ச்சியைச் சீராக்குதல் 7. மறுபடியும் மனக்கவனம் 2, பிறரோடு பழகும் திறன் 5. பலரும் இந்தச் சுற்றை இரண்டு முறை, அதாவது ஏறக்குறைய ஓராண்டு செய்கிறார்கள். வாராவாரம் நடக்கும் குழு வகுப்பும் மனக்கவனப் பயிற்சியோடுதான் தொடங்கும்: மணியை மூன்று முறை அடித்து ஆரம்பம், சில நிமிடம் பயிற்சி, ஒரு முறை அடித்து முடிவு, பிறகு ஒவ்வொருவரும் கவனித்ததைச் சொல்வது. மற்ற பாடங்களுக்குள்ளும் இதே நூல் ஓடுகிறது. 'நில்' என்ற அவசரத் திறனின் நாலு படிகள்: நில், ஓரடி பின்வாங்கு, கவனி, கவனத்தோடு தொடர். கடைசி இரண்டும் மனக்கவனமே. உணர்ச்சிப் பாடத்தில் வரும் 'உண்மைகளைச் சரிபார்' என்பது விவரித்தல் தெரியாமல் நடக்காது. ஒருவரிடம் எதையாவது கேட்டுப் பெறும் முறையின் முதல் படியும் நிலைமையை விவரி என்பதே.

இனி கண்ணை மூடினால் வரும் பதற்றம். பழைய அதிர்ச்சி அனுபவம் உள்ளவர்களுக்கு இது அடிக்கடி நடக்கும். வெளி உலகின் பிடிமானம் போனதும் உள்ளே இருப்பது பெரிதாகி வருகிறது. மூச்சும் சிலருக்கு ஒத்துவராது. ஏற்கெனவே படபடப்பு உள்ளவர் மூச்சைக் கவனித்தால், அதைக் கட்டுப்படுத்த ஆரம்பித்து, திணறல் கூடும். எனவே கண்ணைத் திறந்தபடி வெளிப்பொருளில் தொடங்குங்கள். இரண்டு நிமிடம் அலாரம் வையுங்கள். பாதம் இரண்டையும் தரையில் பதித்து உட்காருங்கள், அல்லது நில்லுங்கள். வாசல்படியோ எலுமிச்சம்பழமோ, உணர்ச்சியைக் கிளறாத ஒரு பொருள் போதும். அதன் நிறம், விளிம்பு, தழும்பு, மணம். மனம் ஓடும். ஓடியது தெரிந்ததும் திரும்புங்கள். இரண்டு நிமிடத்தில் இருபது முறை ஓடினால் இருபது முறை திரும்பியிருக்கிறீர்கள். அந்தத் திரும்புதல்தான் பயிற்சி. மரத்துப்போவது போல, உடம்பை விட்டு விலகிப் போவது போல இருந்தால் நிறுத்திவிட்டு எழுந்து நடங்கள், கையில் குளிர்ந்த டம்ளரைப் பிடியுங்கள், பயிற்சியாளரிடம் சொல்லுங்கள். சகித்துக்கொண்டு உட்கார்ந்திருப்பதற்கு மதிப்பெண் கிடையாது.

நெருக்கடி நடுவில் முதன்முறையாக முயன்று பார்த்துவிட்டு, "வேலை செய்யலை" என்று விடுவதும் பரவலாக நடக்கிறது. உணர்ச்சி பத்துக்கு ஒன்பதில் இருக்கும்போது நுட்பமான கவனம் கிடைக்காது. முதலில் உடம்பை இறக்கவேண்டும்: ஒரு தொட்டியில் குளிர்ந்த நீர், 10 டிகிரி செல்சியஸுக்குக் கீழே போகாமல், மூச்சை அடக்கி, முகத்தை 30 நொடி அமிழ்த்துதல். இதயத் துடிப்பு மெதுவாகும். அதனாலேயே இதயக் கோளாறு உள்ளவர்கள், துடிப்பைக் குறைக்கும் மாத்திரை எடுப்பவர்கள், அனோரெக்ஸியா போன்ற உணவுக் கோளாறு உள்ளவர்கள் மருத்துவரைக் கேட்காமல் செய்யக் கூடாது. கொதிப்பு ஆறுக்கோ ஐந்துக்கோ வந்தபின் கவனித்தல்.

இன்னொன்று, கவனிக்கிறேன் என்ற பெயரில் ஒரே விஷயத்தை அசைபோடுவது. எப்படிக் கண்டுபிடிப்பது? கவனிப்பில் பொருள் மாறிக்கொண்டே இருக்கும்: சூடு, இறுக்கம், ஓர் எண்ணம், தெருவில் ஹாரன். அசைபோடுவதில் அதே வசனம் ஏழாவது முறை ஓடும். அப்படி ஓடினால் உடலுணர்வுக்குத் திரும்புங்கள். இதே ரகம், உணர்ச்சியை விரட்டவே அதைக் கவனிப்பது. "கவனிச்சேன், இன்னும் போகலையே" என்று கேட்கத் தோன்றினால் உள்ளே ஒரு பேரம் நடக்கிறது என்று பொருள்.

இதற்கெல்லாம் ஆதாரம் உண்டா என்றால், சிகிச்சை முழுமைக்கும் உண்டு. லினஹானின் முதல் ஒப்பீட்டுச் சோதனை 1991-ல் வெளியானது. தன்னைக் காயப்படுத்திக்கொள்வது குறைந்தது. 2015-ல் 99 பெண்களை வைத்து சிகிச்சையைப் பகுதிகளாகப் பிரித்துப் பார்த்தார்கள். தற்கொலை முயற்சி எல்லாப் பிரிவிலும் குறைந்தது. தற்கொலை நோக்கமில்லாமல் காயப்படுத்திக்கொள்வதில், திறன் வகுப்பு இருந்த பிரிவுகள் அது இல்லாத பிரிவைவிட நன்றாகச் செய்தன. அங்கே சோதித்தது நாலு பாடமும் சேர்ந்த வகுப்பை. மனக்கவனத்தை மட்டும் அல்ல. ஆகவே ஏதோ ஒரு தியான ஆப்பை இறக்கிக்கொண்டு இதற்கு ஈடு என்று நினைக்கவேண்டாம்.

அடுத்த வகுப்புக்கு இப்படிப் போங்கள். கண் திறந்து, வெளிப்பொருளை வைத்துச் செய்ய விரும்புவதாகச் சொல்லுங்கள். தெரிந்த பயிற்சியாளர் மறுக்கமாட்டார். இந்தச் சிகிச்சையில் நாள்தோறும் நிரப்பும் தினசரி அட்டையில் உந்துதலுக்கு 0 முதல் 5 வரை எண் போடுவீர்கள். அந்த எண்ணைப் படுக்கும்முன் நினைவிலிருந்து நிரப்பாமல், உந்துதல் வரும் அந்த நேரத்திலேயே குறிக்கப் பாருங்கள். அப்படிக் குறிப்பதே ஒரு கவனித்தல். சிகிச்சையாளருக்குப் போன் செய்வது கீறுவதற்கு முன். செய்தபின் 24 மணி நேரம் அந்த வகை அழைப்பு கிடையாது என்பது இந்தச் சிகிச்சையின் வழக்கமான விதி (காயத்துக்கான மருத்துவ உதவியும் உயிர்ப் பாதுகாப்பும் விதிவிலக்கு). அவர் கிடைக்காத இரவில் மனநல உதவி எண்கள்: இந்தியாவில் டெலி மானஸ் 14416, இலங்கையில் 1926. இரண்டு எண்ணையும் இப்போதே போனில் போட்டுவையுங்கள், 9.40-க்குத் தேட முடியாது.